யாருக்கு மித்திரன்?

அருப்புக்கோட்டையில் 1919ஆம் ஆண்டு 'நாடார் குல மித்திரன்' என்ற பத்திரிகை தொடங்கியது. தொடங்கி நடத்தியவர் சூ. ஆ. முத்து நாடார். 1931 வரை வெளிவந்தது. ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம், சிவகாசி, விருதுநகர், அருப்புக்கோட்டை என்று இன்று விருதுநகர் மாவட்டமாக இருக்கும் இந்தக் கரிசல் சீமையில் சிற்றூர்ப் பத்திரிகை எப்படி வளர்ந்தது என்று எழுத உட்காருகிறவர் இதைத் தாண்டிப் போக முடியாது. ராபர்ட் ஹார்ட்கிரேவ் நாடார் சமூகம் பற்றி 1969இல் வெளியிட்ட நூலுக்கு இதன் இதழ்கள் முக்கியச் சான்றாக இருந்தன.

இந்தக் கட்டுரை அந்தப் பத்திரிகையின் பெயரைப் பற்றியது. நாடார், குலம், மித்திரன் என்ற மூன்று சொற்களும் வெவ்வேறு வழியாக வந்து அந்த முகப்பில் சேர்ந்தவை. கடைசிச் சொல்தான் நெடுந்தூரம் நடந்து வந்தது. அதிலிருந்தே தொடங்குகிறேன்.

மித்திரன் என்றால் நண்பன். ஆனால் அதன் பழைய பொருள் நட்பு என்று அறிஞர்கள் பலர் நினைக்கவில்லை. பிரெஞ்சு மொழியியலாளர் அந்துவான் மெய்யே 1907இல் எழுதிய ஒரு கட்டுரையில், வேதத்து மித்திரனும் ஈரானியரின் மித்ரனும் ஒரே தெய்வம்தான் என்பதோடு, அந்தப் பெயரின் அடிப்பொருள் 'உடன்படிக்கை' என்று வாதிட்டார். ஈரானியரின் அவெஸ்தா மொழியில் அந்தச் சொல்லுக்கு ஒப்பந்தம் என்றே பொருள். துருக்கியில் போகாஸ்கோய் என்ற இடத்தில் கிடைத்த களிமண் பலகைகளும் இதற்குத் துணை நிற்கின்றன. கி.மு. 14ஆம் நூற்றாண்டில் ஹிட்டைட் அரசனும் மிட்டன்னி அரசனும் செய்துகொண்ட உடன்படிக்கை அவற்றில் இருக்கிறது. அதற்குச் சாட்சியாக அழைக்கப்பட்ட தெய்வங்களில் மித்திரனும் வருணனும் இந்திரனும் உண்டு. சொன்ன சொல்லைக் காப்பவன், காக்கிறானா என்று பார்த்துக்கொண்டிருப்பவன் மித்திரன். சொல்லால் கட்டுப்பட்டவர்கள் நண்பர்கள் ஆனார்கள். சமஸ்கிருதத்தில் தெய்வத்தின் பெயர் மெல்ல மெல்ல நண்பனின் பெயராயிற்று.

இன்னொரு கிளை சூரியனை நோக்கிப் போனது. எல்லாவற்றையும் மேலிருந்து பார்ப்பவன் சூரியன் ஆதலால் மித்திரன் பன்னிரு ஆதித்தரில் ஒருவன் ஆனான். சூரிய நமஸ்காரத்தில் முதலில் சொல்லப்படும் பெயர் மித்திரனுடையது. பாரசீகத்திலும் இதே கதைதான். அங்கே மித்ர என்பது தேய்ந்து 'மெஹர்' ஆனது. அந்த ஒரே சொல்லுக்கு அன்பு என்றும் சூரியன் என்றும் பொருள். தமிழ் அகராதியைப் புரட்டினால் மித்திரன் என்ற சொல்லின் கீழ் நண்பனும் சூரியனும் அடுத்தடுத்து நிற்பார்கள்.

நண்பனும் விடியலும் ஒரு சொல்லில் சேர்ந்தது வில்லிபுத்தூர்க்காரர்களுக்கு வியப்பாக இராது. எங்கள் ஊர் ஆண்டாள் பாடிய திருப்பாவையில் ஆறாம் பாசுரம் முதல் பதினைந்தாம் பாசுரம் வரை வேலையே அதுதான். தோழி வீட்டு வாசலில் தோழி வந்து நிற்கிறாள். பொழுது விடிந்ததற்கு அடையாளமாக ஊரில் என்னென்ன நடக்கிறது என்று ஒவ்வொன்றாகச் சொல்கிறாள். பறவை கத்துவதும் தயிர் கடையும் ஓசையும் கோயில் சங்கும் அங்கே சேதிகள். விடியற்காலையில் வாசலில் வந்து விழும் பத்திரிகைக்கு யாராவது நண்பன் என்று பெயர் வைத்தார்கள் என்றால், மார்கழியில் இந்தத் தெருக்களில் நடந்தவர்களுக்கு அது இயல்பாகவே படும்.

தமிழ்ப் பேச்சில் இந்தச் சொல் புதிதாக வந்ததல்ல. 'சத்துரு மித்துரு பார்க்காமல்' என்று படிக்காதவர்களும் சொல்வார்கள். மித்திர துரோகம் என்பது பாட்டிமார் வாயில் கடும் வசை. விசுவாமித்திரர் பெயரிலேயே இருக்கிறது. தாண்டவராய முதலியார் 1826இல் வெளியிட்ட பஞ்சதந்திரம் தமிழ் உரைநடைப் பாடநூலாகப் பள்ளிகளில் நெடுங்காலம் இருந்தது. அதன் முதல் பகுதி 'மித்திரபேதம்', நண்பர்களைப் பிரிக்கும் நரியின் கதை. ஆகவே 1880களில் எழுத்தறிந்த எந்தத் தமிழருக்கும் மித்திரன் என்ற சொல்லுக்கு அகராதி வேண்டியிருக்கவில்லை.

அதைப் பத்திரிகை முகப்பில் ஏற்றிப் புகழ் பெறச் செய்தவர் ஜி. சுப்பிரமணிய ஐயர். திருவையாற்றில் 1855இல் பிறந்தவர், பள்ளி ஆசிரியர். 1878இல் 'தி இந்து' பத்திரிகையைத் தொடங்கிய ஆறு இளைஞர்களில் ஒருவர். அதே 1878இல்தான் இந்திய மொழிப் பத்திரிகைகளின் வாயைக் கட்டும் சட்டத்தை லிட்டன் பிரபு கொண்டுவந்தார். ஆங்கிலப் பத்திரிகைகளுக்கு அந்தச் சட்டம் பொருந்தாது. ரிப்பன் பிரபு 1882இல் அதை நீக்கினார். அதே ஆண்டில் சுப்பிரமணிய ஐயர் 'சுதேசமித்திரன்' என்ற தமிழ் வார இதழைத் தொடங்கினார். 1898இல் இந்துவை விட்டு விலகி முழுமூச்சாகத் தமிழ்ப் பத்திரிகைக்கே வந்தார். 1899இல் அது நாளிதழ் ஆனது.

இன்று சுதேசம் என்றவுடன் நமக்குக் கதரும் கப்பலும் நினைவுக்கு வருகின்றன. 1882இல் அப்படி இல்லை. சுதேசி இயக்கம் தொடங்க இன்னும் 23 ஆண்டுகள் இருந்தன. வெள்ளைக்காரர்கள் நம்மை 'நேட்டிவ்' என்றார்கள். அதைத் தமிழில் சொல்லச் 'சுதேச' என்ற சொல் பயன்பட்டது. சுதேச வைத்தியம், சுதேச சமஸ்தானம் என்பவை அந்தக் காலத்துச் சாதாரண வழக்குகள். ஆக, சுதேசமித்திரன் என்றால் நம் நாட்டாரின் நண்பன், அவ்வளவே. அடக்கமான பெயர். 1905க்குப் பிறகு வங்கத்தில் எழுந்த இயக்கமும், 1906இல் தூத்துக்குடியில் வ.உ.சி. தொடங்கிய சுதேசியக் கப்பல் கம்பெனியும் அந்தச் சொல்லில் நெருப்பை வைத்தன. முகப்பில் ஓர் எழுத்துகூட மாறவில்லை. ஆனால் பெயர் மாறிவிட்டது. 1908இல் சுப்பிரமணிய ஐயரை அரச நிந்தனைக் குற்றத்துக்காகக் கைது செய்தபோது, 26 ஆண்டுகளுக்கு முன்பு அவர் வைத்த பெயர் அவருக்கு எதிரான சான்று போலவே ஒலித்திருக்கும்.

எங்கள் பக்கத்துச் சீமையான எட்டயபுரத்தில் பிறந்த பாரதி, மதுரை சேதுபதி பள்ளியில் சில மாதம் தமிழாசிரியராக இருந்துவிட்டு 1904இல் இந்தப் பத்திரிகைக்குத்தான் உதவியாசிரியராகப் போனார். கடைசிக் காலத்தில் திரும்பி வந்து சேர்ந்ததும் இதில்தான். மக்கள் முழுப்பெயரைச் சொல்லி மாளாமல் வெறும் 'மித்திரன்' என்றார்கள். எங்கள் தெருவில் முதியவர்கள் வேறு எந்தப் பேப்பரைக் கையில் வைத்திருந்தாலும் "மித்திரன்ல என்ன போட்ருக்கான்?" என்று கேட்டுக்கொள்வதை நான் சிறுவயதில் கேட்டிருக்கிறேன். அந்தப் பத்திரிகை நின்ற பிறகும் சில காலம் அந்தப் பேச்சு நிற்கவில்லை.

பத்திரிகையை நண்பன் என்று அழைப்பது உலகத்தில் புதிதல்ல. பிரெஞ்சுப் புரட்சி வெடித்த 1789இல் மாரா என்பவர் 'மக்களின் நண்பன்' என்ற பெயரில் பத்திரிகை நடத்தினார். பத்திரிகையின் பெயரே அவருக்கும் பெயராகி நின்றது. வங்கத்துச் சேராம்பூரில் பாப்டிஸ்ட் பாதிரிமார் 1818இல் 'இந்தியாவின் நண்பன்' என்று பொருள்படும் ஆங்கில ஏட்டைத் தொடங்கினார்கள். பின்னாளில் அது கல்கத்தா ஸ்டேட்ஸ்மனோடு கலந்தது. சுதேசமித்திரன் என்ற பெயருக்கு அருகில் வைத்து அந்தப் பெயரைப் பார்த்தால் ஒரு நுட்பம் புலப்படும். அங்கே வெளியிலிருந்து வந்தவர் இந்தியாவுக்கு நண்பராகிறார். இங்கே இந்த நாட்டுக்காரரே இந்த நாட்டாருக்கு நண்பராகிறார். 'சுதேச' என்ற முன்சொல் அந்த வேறுபாட்டைச் சொல்கிறது.

மித்திரனின் தமிழ் நாட்டுப்புற உறவினன் நேசன். ஸ்நேகம் என்பது தமிழில் நேசம், நேயம் என்றாகும். ஸ்நேகத்துக்கு எண்ணெய்ப் பசை என்றும் பொருள் உண்டு. நேயம் என்ற சொல்லுக்கும் அகராதியில் அன்பு, நெய் இரண்டும் இருக்கும். ஒட்டிக்கொள்வது என்ற பொருள் அடியில் ஓடுகிறது. சுதேசமித்திரன் பிறந்த அதே 1882இல் கண்டியில் சித்தி லெப்பை 'முஸ்லிம் நேசன்' தொடங்கினார். அசன்பே சரித்திரம் எழுதியவர் அவர்தான். யாழ்ப்பாணத்தில் 'இலங்கை நேசன்' வந்தது. சிங்கப்பூரில் 1887இல் விக்டோரியா அரசியின் பொன்விழாவையொட்டிச் சி. கு. மகுதூம் சாயபு 'சிங்கை நேசன்' தொடங்கினார். ஒருவருக்கொருவர் பார்த்துப் பெயர் வைத்தார்களோ, காலமே அப்படிச் சொல்ல வைத்ததோ, 19ஆம் நூற்றாண்டின் பின்பாதியில் தமிழ்ப் பத்திரிகை என்றால் அது யாரோ ஒருவருக்கு நண்பன்.

யாருக்கு என்பதுதான் வரலாறு. மித்திரன், நேசன் என்ற பின்பாதி மாறவே இல்லை. முன்னால் நிற்கும் சொல் மட்டும் மாறுகிறது. சுதேசம், முஸ்லிம், இலங்கை, சிங்கை, இந்து, தமிழ், குலம். ஒரு பத்திரிகை யாரைக் கூட்டமாகக் கற்பனை செய்தது, யாரிடம் சந்தா கேட்டது, யார் சார்பில் பேசும் உரிமை தனக்கு உண்டு என்று நினைத்தது என்பதெல்லாம் அந்த முன்சொல்லில் இருக்கிறது.

இப்போது அருப்புக்கோட்டைக்குத் திரும்பலாம்.

1919இல் இந்தப் பகுதி ராமநாதபுரம் மாவட்டம். அந்த மாவட்டமே 1910இல்தான் மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களிலிருந்து பிரித்து உண்டாக்கப்பட்டது. வில்லிபுத்தூரும் ராஜபாளையமும் அதுவரை திருநெல்வேலிச் சீமை. விருதுநகர் தென்காசி ரயில் பாதை 1927இல்தான் வந்தது. அதுவரை இந்த இரண்டு ஊர்க்காரர்களுக்கும் ரயில் என்றால் விருதுநகரிலோ சாத்தூரிலோ போய் ஏற வேண்டும். சென்னைப் பத்திரிகை ரயிலில் வந்து, பிறகு மாட்டுவண்டித் தடத்தில் வந்து சேரும். அதில் நம் ஊர்ச் செய்தி என்று ஏதாவது இருந்தால், ஊர்க்காரர் ஒருவர் கடிதம் எழுதிப் போட்டிருக்கிறார் என்று பொருள். நிருபர் என்ற சொல்லே அந்தக் கடிதத்திலிருந்து வந்ததுதான். நிருபம் என்றால் முதலில் அரசன் அனுப்பும் ஆணை ஓலை, பிறகு பொதுவாகத் திருமுகம், கடிதம். கிறிஸ்தவர்கள் வேதாகமத்தில் பவுல் எழுதிய கடிதங்களை இன்றும் நிருபங்கள் என்றுதான் சொல்கிறார்கள். ஆசிரியரை அப்போது 'பத்திராதிபர்' என்றார்கள். அந்தச் சொல் போய்விட்டது. நிருபர் மட்டும் தங்கிவிட்டார்.

இந்த நிலையில் ஒரு சிற்றூரில் அச்சுக்கூடம் வைத்துச் சொந்தமாகப் பத்திரிகை நடத்துவதற்குக் காரணம் வலுவாக இருந்திருக்க வேண்டும். இருந்தது. அருப்புக்கோட்டை, விருதுநகர், சிவகாசி, திருமங்கலம், பாலையம்பட்டி, சாத்தங்குடி என்ற ஆறு ஊர்களில் நாடார் வணிகர்கள் பேட்டை அமைத்துத் தொழில் செய்து வந்தார்கள். விற்கும் சரக்கில் இவ்வளவு என்று மகமை எடுத்துப் பொதுப்பணம் சேர்த்தார்கள். அந்தப் பணத்தில் கிணறும் கோயிலும் பள்ளியும் கட்டினார்கள். விருதுநகரில் 1889இல் தொடங்கிய சத்திரிய வித்தியாசாலை வீட்டுக்கு வீடு எடுத்த பிடியரிசியிலும் வளர்ந்தது. கையில் பொருள் இருந்தும் கோயில் வாசல் திறக்கவில்லை. 1897இல் கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நுழைந்ததற்காகத் தொடரப்பட்ட வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் 1908இல் அவர்களுக்கு எதிராகத் தீர்ந்தது. 1899இல் சிவகாசியில் பெருங்கலவரம். 1910இல் நாடார் மகாஜன சங்கம். இவ்வளவுக்கும் பிறகு 1919.

'சுதேசமித்திரன்' நாடு முழுவதற்கும் நண்பன் என்று சொல்லிக்கொண்டு 37 ஆண்டுகளாக வந்துகொண்டிருந்த காலம் அது. அருப்புக்கோட்டையில் இருந்தவர் அதே இரண்டாம் பாதியை எடுத்துக்கொண்டு முதல் பாதியை மாற்றினார். 'எங்களுக்கென்று ஒரு மித்திரன் வேண்டும்' என்ற குரல் எனக்கு அந்தப் பெயரில் கேட்கிறது. சுதேசம் என்ற பெரிய வீட்டுக்குள் தங்களுக்கு வாசல் எங்கே என்று கேட்டவர்கள் அப்போது பலர். அயோத்திதாசர் 1907இல் ஒரு பைசா விலையில் தொடங்கிய பத்திரிகை 'தமிழன்' ஆனது. 1917இல் 'திராவிடன்' வந்தது. மராத்தி நாட்டிலும் இதே குரல். 1877இல் கிருஷ்ணராவ் பாலேகர் புனேயில் 'தீனபந்து' தொடங்கினார், ஏழைகளின் உறவு. அவருடைய மகன் முகுந்தராவ் பாட்டீல் 1910 முதல் அகமதுநகர்ப் பக்கத்தில் தரவடி என்ற கிராமத்திலிருந்தே 'தீனமித்ர' நடத்தினார், ஏழைகளின் நண்பன். அருப்புக்கோட்டைக்கும் தரவடிக்கும் நேரடித் தொடர்பு இருந்திருக்க வேண்டியதில்லை. தூரத்து நகரத்துப் பத்திரிகை தன்னைப் பார்க்கவில்லை என்று உணர்ந்த சிற்றூர்க்காரன், நகரம் பயன்படுத்திய அதே நட்புச் சொல்லை எடுத்துத் தன் வாசலில் எழுதினான்.

அடுத்தது 'நாடார்' என்ற சொல். அது அன்று அரசாங்கத்தின் சொல்லாக இல்லை. மக்கள்தொகைக் கணக்கிலும் பத்திரங்களிலும் வேறு பெயரே எழுதப்பட்டது. அந்தப் பழைய பெயரை மதிப்புக்குறைவாக உணர்ந்தவர்கள் அதை மாற்றக் கோரி விண்ணப்பித்து வந்தார்கள். பட்டிவீரன்பட்டி ஊ.பு.அ. சௌந்தரபாண்டியன் 1920இல் சென்னைச் சட்டசபைக்கு நியமிக்கப்பட்ட பிறகு கோரிக்கைக்கு வலுக் கூடியது. 1921 ஜூலையில் அரசு ஆவணங்களில் இனி 'நாடார்' என்றே எழுத வேண்டும் என்ற ஆணை வந்தது. அருப்புக்கோட்டைப் பத்திரிகை அந்தப் பெயரை முகப்பில் பெரிய எழுத்தில் போட்டது அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு. இதழ் வெளிவந்த ஒவ்வொரு முறையும், தாலுகா கச்சேரி எழுத மறுத்த பெயர் அச்சேறி அஞ்சலில் போயிற்று. ஒரு பத்திரிகையின் பெயர்ப்பலகையே ஒரு மனுவாக இருந்ததற்கு இதைவிட நல்ல சான்று நம் பக்கத்தில் எனக்குத் தெரிந்து இல்லை.

அடுத்த திருப்பம் அந்த முகப்பை நெருக்கடியில் வைத்தது. பெரியாரின் சுயமரியாதை இயக்கம் எழுந்தது. 'நாடார் குல மித்திரன்' அதை உறுதியாக ஆதரித்தது. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் மாகாண சுயமரியாதை மாநாட்டுக்குத் தலைமை வகித்தவர் அதே சௌந்தரபாண்டியன். அந்த மாநாடுதான் பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டத்தைப் போடுவதை விட்டுவிடக் கேட்டது. சௌந்தரபாண்டியனும் தம் பட்டத்தை விட்டார். எந்தப் பெயரை ஆவணத்தில் ஏற்றுவதற்குப் போராடினார்களோ, எட்டே ஆண்டுகளில் அதை உதற வேண்டும் என்று அதே தலைவர் தலைமையில் முடிவெடுக்கிறார்கள். மூன்றாவது சுயமரியாதை மாநாடு 1931 ஆகஸ்டில் விருதுநகரிலேயே நடந்தது. அந்த ஆண்டோடு 'நாடார் குல மித்திரன்' நின்றது.

இதை முரண் என்று சொல்வார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தாழ்த்தி எழுதப்பட்ட பெயரைத் திருத்திக்கொண்ட பிறகுதான் ஒருவர் பெயரே வேண்டாம் என்று தலைநிமிர்ந்து சொல்ல முடியும். பறிக்கப்பட்டதைத் துறக்க முடியாது, கையில் உள்ளதைத்தான் துறக்கலாம். 1919க்கும் 1931க்கும் இடையில் அந்த மூன்று சொல் முகப்பின் கீழ் நடந்தது அதுதான். சாதிச் சங்கப் பத்திரிகை என்று ஒரே வரியில் ஒதுக்குகிறவர்கள் இந்தப் பன்னிரண்டு ஆண்டுகளின் நடையைப் பார்ப்பதில்லை.

பெரியார் இயக்கம் நட்புச் சொல்லையும் மாற்றியது. 1932இல் ஐரோப்பாவும் ரஷ்யாவும் சுற்றி வந்த பிறகு, ஸ்ரீ, திருவாளர் போன்ற அடைகளை விட்டுத் 'தோழர்' என்று அழைக்கும்படி கேட்டார். மித்திரனிடம் இருந்த ஆதரவுக் குரல் தோழரிடம் இல்லை. மித்திரன் உனக்காகப் பேசுகிறான். தோழன் உன்னோடு நடக்கிறான். பத்திரிகை என்பது படித்தவர் படியாதவருக்குச் செய்யும் உபகாரம் என்ற எண்ணம் தளர்ந்ததற்கு இந்தச் சொல் மாற்றமும் ஓர் அடையாளம்.

நேசனுக்கு வந்த கதி வேறு. சென்னையில் லட்சுமிகாந்தன் என்பவர் 'சினிமா தூது' என்ற பத்திரிகையை நடத்தி, அது நின்றதும் 'இந்து நேசன்' என்ற பெயரை எடுத்துக்கொண்டார். நடிகர்களின் அந்தரங்கம்தான் உள்ளே. 1944 நவம்பரில் அவர் கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் கைதாகி, தண்டனை பெற்று, 1947இல் விடுதலையானது தமிழ்நாடே அறிந்த கதை. அதன்பின் நம் பக்கத்தில் 'இந்து நேசன் மாதிரி எழுதுறான்' என்பது வசையாயிற்று. 60 ஆண்டுகள் மதிப்போடு இருந்த ஒரு பெயரை ஓர் ஆள் சில மாதங்களில் கெடுத்துவிட்டார். மலேசியாவுக்குப் போன நேசன் தப்பினான். கோலாலம்பூரில் 1924இல் நரசிம்ம ஐயங்கார் தொடங்கிய 'தமிழ் நேசன்' தோட்டத் தொழிலாளர் லயன்கள் வரைக்கும் போய், 2019இல்தான் நின்றது. அங்கேயே 'மலேசிய நண்பன்' என்று தனித்தமிழ் நட்பும் முகப்பேறியது. நள் என்றால் நெருங்குதல், அதிலிருந்து நட்பும் நண்பும். கொழும்பில் வீரகேசரி நிறுவனம் 1966இல் தொடங்கிய மாலை நாளிதழுக்கு முன்சொல்லே வைக்கவில்லை. வெறும் 'மித்திரன்'.

தமிழ்நாட்டிலும் முன்சொல் மறைந்தது, ஆனால் வேறு விதமாக. மித்திரன், நேசன், திராவிடன், தமிழன், தேசபக்தன், விகடன் என்று ஆள் பெயராக இருந்த பத்திரிகைகள் 1930களிலிருந்து பொருள் பெயராகத் தொடங்கின. 1934 செப்டம்பர் 11இல், பாரதியின் நினைவு நாளில், 'தினமணி' வந்தது. அந்தப் பெயர் வாசகர் போட்டியில் கிடைத்தது. 1942இல் மதுரையில் ஆதித்தனாரின் 'தந்தி'. 1951இல் திருவனந்தபுரத்தில் டி.வி. ராமசுப்பையரின் 'தினமலர்', 1957இல் திருநெல்வேலிக்கு வந்தது. 1977இல் கே.பி. கந்தசாமியின் 'தினகரன்'. யாருக்கு என்பது இந்தப் பெயர்களில் இல்லை. தினம் என்று எப்போது வரும் என்பது மட்டும் பலவற்றில் இருக்கிறது.

இதற்குக் காரணம் பஸ் ஸ்டாண்டிலும் டீக்கடையிலும் இருக்கிறது என்று நினைக்கிறேன். ராஜபாளையத்தை எடுத்துக்கொள்ளுங்கள். வீட்டில் தெலுங்கு பேசும் ராஜுக்கள் இருக்கிறார்கள். 1936இல் பி.ஏ.சி. ராமசாமி ராஜா தொடங்கிய ராஜபாளையம் மில்ஸ் முதலான பஞ்சாலைகளுக்குச் சுற்று ஊர்களிலிருந்து பல சாதிக்காரர்கள் ஷிப்டுக்கு வருகிறார்கள். பக்கத்துச் சத்திரப்பட்டியில் மருத்துவமனைகளுக்கான பேண்டேஜ் துணி நெய்கிறவர்கள் இருக்கிறார்கள். வில்லிபுத்தூரில் கோயில்காரர்கள், சாலியர் தறிகள், பால்கோவாக் கடைகள், கோர்ட்டுக்கு வந்து போகும் வெளியூர்க் கூட்டம். ஒரு டீக்கடைப் பேப்பரை நாலு தாளாகப் பிரித்து நாலு பேர் படிக்கிறார்கள். அந்த நாலு பேருக்கும் பொதுவான குலம் கிடையாது. அஞ்சலில் சந்தாதாரர் வீட்டுக்குப் போகிற பத்திரிகை ஒரு குலத்துக்கு நண்பனாக இருக்கலாம். கடையில் காசு கொடுத்து வாங்கப்படும் பத்திரிகை அப்படி இருக்க முடியாது.

ஆனால் புதுப் பெயர்களைத் திருப்பிப் பார்த்தால் பழையவன் உள்ளேயே இருக்கிறான். தினமணி என்றால் பகலின் மணி, சூரியன். தினகரன் என்றால் பகலைச் செய்பவன், சூரியன். சுப்பிரமணிய சிவா 1913இல் தொடங்கிய 'ஞானபாநு'வும் சூரியன். 1985இல் யாழ்ப்பாணத்தில் வந்த 'உதயன்' கூட விடியலைச் சேர்ந்தவன். மித்திரனின் இரண்டு பொருள்களில் நட்பு பின்னுக்குப் போக, சூரியன் முன்னுக்கு வந்துவிட்டான்.

இன்றைய சிற்றூர்ப் பத்திரிகைக்குப் பெயர் வைப்பது ஆசிரியர் கையில் மட்டும் இல்லை. 1867ஆம் ஆண்டின் சட்டப்படி பதிவு நடந்த காலத்திலும் சரி, 2024 மார்ச்சிலிருந்து நடப்புக்கு வந்த புதுச் சட்டத்திலும் சரி, தலைப்பை டெல்லியில் உள்ள பதிவாளர் சரிபார்க்க வேண்டும். அதே மொழியில் எங்காவது, அல்லது அதே மாநிலத்தில் எந்த மொழியிலாவது அந்தப் பெயரோ அதைப் போன்ற பெயரோ இருந்தால் கிடைக்காது. ஆகையால் சிற்றூர்க்காரர் ஒன்றுக்கு மேற்பட்ட பெயர்களை வரிசைப்படுத்தி எழுதி அனுப்புகிறார். மலர், முரசு, ஓசை, குரல், கதிர் எல்லாம் ஏற்கெனவே யாரிடமோ இருக்கும். அதனால் முன்னால் ஒரு சொல்லை ஒட்டுகிறார். முன்சொல் மறுபடியும் பிறக்கிறது, இந்த முறை சட்டத்தின் நெருக்கத்தால். சில நேரம் அது மாவட்டப் பெயராகவும் மலையின் பெயராகவும் அமைவது எனக்கு மகிழ்ச்சி தருகிறது. ஊர்ப்பெயர் ஊர் தாண்டிப் போகும் வல்லமை உள்ளது. எங்கள் ஊர்ப் பெரியாழ்வார் மீதிருந்த பக்தியால் நடுநாட்டில் பிறந்த பிள்ளைக்கு இந்த ஊர்ப்பெயரை வைத்தார்கள், அவர் பாரதம் பாடி வில்லிபுத்தூரார் என்று நிலைத்தார்.

அப்படிப் பிறக்கும் ஏடுகளுக்கு வில்லிபுத்தூர் நல்ல மண்தான், ஏனென்றால் மாவட்டத் தலைநகரம் விருதுநகர் என்றாலும் மாவட்ட நீதிமன்றம் இங்கே இருக்கிறது. பிரதிவாதிக்கு நேரில் சம்மன் சேர்க்க முடியாதபோது பத்திரிகையில் அறிவிப்புப் போடலாம். அவர் கடைசியாகக் குடியிருந்த பகுதியில் புழங்கும் நாளிதழாக அது இருக்க வேண்டும் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டம் சொல்கிறது. இந்த ஒரு வாசகம் தமிழ்நாட்டில் எத்தனையோ சின்ன நாளிதழ்களுக்குச் சோறு போடுகிறது. கடைசிப் பக்கத்துப் பொடி எழுத்து நோட்டீசுகளை யாரும் படிப்பதில்லை என்பார்கள். எந்தத் தெருவில் யாருக்கு எந்தச் சொத்தில் வழக்கு, யார் பெயர் மாற்றிக்கொண்டார்கள், எந்தப் பத்திரம் தொலைந்தது என்ற ஊரின் உண்மையான செய்திகள் அங்கேதான் இருக்கின்றன.

உள்ளூர்ப் பத்திரிகைகளின் வரலாற்றை எழுத விரும்பும் இளைஞர்களுக்கு ஒரு வழி சொல்ல முடியும். பழைய சட்டப்படி ஒவ்வொரு பத்திரிகையும் பிப்ரவரி முடிந்தபின் வரும் முதல் இதழில் நான்காம் படிவம் என்ற அறிக்கையை அச்சிட வேண்டியிருந்தது. வெளியாகும் இடம், எத்தனை நாளுக்கு ஒரு முறை, அச்சிடுபவர், வெளியிடுபவர், ஆசிரியர், உரிமையாளர் எல்லாரும் அதில் வரிசையாக வருவார்கள். சிற்றூர் ஏடுகளில் இந்த நாலு இடத்திலும் பெரும்பாலும் ஒரே பெயர்தான் இருக்கும். பழைய பேப்பர்க் கடையில் மார்ச் மாத இதழ்கள் கிடைத்தால் அவற்றை முதலில் எடுத்து வையுங்கள்.